நாலாவது பாரா

பத்து வயதில் நான் ஒரு சிவில் வழக்கில் வாதியாக இருந்தேன். சிரிக்காதீர்கள். மைனர் என்பதால் என் பெயருக்குக் கீழே ‘கார்டியன், தகப்பனார்’ என்று அப்பாவின் பெயரும் இருந்தது. பிரதிவாதிகள் நான்கு பேர். பள்ளிப் பிள்ளைகளுக்குக் கன்னட காவிய வாசிப்புப் போட்டி நடத்திய சங்கத்தின் காரியதரிசி ஒருவர், நடுவர்கள் மூன்று பேர். நடுவர்கள் செய்தது அநியாயம் என்பது வழக்கு. இந்தக் காலத்தில் பள்ளிக்கூடப் போட்டியில் பரிசு கிடைக்கவில்லை என்று கோர்ட்டுக்குப் போகிறார்கள் என்பதைப் பேப்பரில் படித்துவிட்டு நம் வயதுக்காரர்கள் ‘காலம் கெட்டுப்போச்சு’ என்கிறார்கள். அப்போதெல்லாம் நான் வாயை மூடிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறேன். காலம் அன்றைக்கே கெட்டுத்தான் இருந்தது. கெடுத்தவர்களில் நானும் ஒருத்தி.

விதான சௌதாவுக்குக் கல் ஏற்றிக்கொண்டிருந்த வருஷங்கள் அவை. நாங்கள் ஸ்ரீராம்புரத்தில் ஒரு சந்தில் குடியிருந்தோம். இரண்டு வீடு தள்ளிப் பெரியம்மா வீடு. சந்து முழுக்கத் தமிழ்தான். அம்மா ஆற்காட்டுப் பக்கத்திலிருந்து கல்யாணமாகி வந்து பன்னிரண்டு வருஷம் ஆகியிருந்தது. அவளுடைய கன்னடம் காய்கறி வண்டியோடு நின்றுபோயிருந்தது. எவ்வளவு, வேண்டாம், விலை அதிகம் என்பதற்கு ‘எஷ்டு’, ‘பேடா’, ‘ஜாஸ்தி ஆயிது’ என்று மூன்று வைத்திருந்தாள். அதற்கு மேல் அவளுக்குத் தேவைப்படவில்லை. அம்மாவுக்கு மெதுவாகப் பேசத் தெரியாது. அடுப்படியில் இருந்துகொண்டே பெரியம்மாவிடம் கத்தரிக்காய் விலையிலிருந்து யாருக்குப் பிள்ளைப்பேறு என்பதுவரை பேசிவிடுவாள். என்னைக் கூப்பிட்டால் தெருமுனை மாவு மில்லில் இருப்பவர்கள் ‘உன்னைக் கூப்பிடறாங்க’ என்று அனுப்பி வைப்பார்கள்.

அப்பா முன்சீப் கோர்ட்டில் நகல் எடுக்கும் குமாஸ்தா. தீர்ப்பு, வாக்குமூலம், எதற்கு யார் நகல் கேட்டு மனு போட்டாலும் அவர் மேஜைக்குத்தான் வரும். கையெழுத்து முத்து முத்தாக இருக்கும். அவருடைய தாத்தா காலத்திலேயே மைசூர் சர்க்கார் உத்தியோகத்துக்கு வந்து தங்கிவிட்ட குடும்பம். தமிழும் கன்னடமும் அவருக்கு ஒன்றுதான். ‘இருவது வருஷமா ஊரான் சண்டையை எழுதிக்கிட்டிருக்கேன்’ என்று அடிக்கடி சொல்வார். சலித்துக்கொள்கிறார் என்று நினைத்திருந்தேன். அது ஆசை என்று பிறகுதான் தெரிந்தது.

நான் படித்தது ரயில் பாதைக்கு அந்தப் பக்கம், மல்லேஸ்வரத்தில். அங்கே கன்னட வாத்தியாருக்கு, மேஷ்ட்ரு என்போம், என் குரல் பிடித்துப்போனது. காவிய வாசிப்பு என்பது பாட்டும் இல்லை, வெறும் படிப்பும் இல்லை. பழைய செய்யுளை ராகத்தோடு, தாளம் இல்லாமல், அர்த்தம் சிதையாமல் வாசிக்க வேண்டும். ஏலக்காயை மென்றபடி அவர் வராந்தாவின் ஒரு கோடியில் நிற்பார், நான் இன்னொரு கோடியில். கடைசி எழுத்து அவர் காதுக்குப் போய்ச் சேர வேண்டும், ஆனால் நான் கத்தக் கூடாது. இரண்டு மாதம் இதே வேலை. பதினெட்டுச் செய்யுள். இன்றைக்கும் பதினெட்டும் எனக்கு மனப்பாடம். கேட்கத்தான் ஆளில்லை.

போட்டியில் இரண்டு பிரிவு இருந்தது. வீட்டு மொழி கன்னடமாக உள்ளவர்களுக்கு ஒன்று. வெள்ளிக் கேடயம் அதற்குத்தான். வீட்டில் வேறு மொழி பேசுகிறவர்களுக்கு இன்னொன்று; அதற்கு ஒரு சான்றிதழும் முதுகில் ஒரு தட்டும். மேஷ்ட்ரு விண்ணப்பத்தில் ‘வீட்டு மொழி’ என்ற இடத்தில் கன்னடம் என்று எழுதினார். எங்கள் வீட்டில் தமிழ் என்றேன். “உன் வாயில கன்னடம் இருக்கு. வீட்டை யார் பாக்கப் போறாங்க?” என்று கன்னடத்தில் சொல்லிவிட்டு மையை ஒற்றினார். அன்பினால் செய்ததுதான். அவர் மேல் எனக்கு இன்றுவரை கோபம் வரவில்லை, வரவழைத்துப் பார்த்தும் வரவில்லை.

போட்டியில் நான்தான் முதல். பெயரைக் கூப்பிட்டதும் கூட்டத்தின் பின்வரிசையில் அம்மா எழுந்து நின்றுவிட்டாள். “அது எம் பொண்ணு! ஐயோ, எம் பொண்ணுங்க அது!” என்று மண்டபம் அதிரக் கத்தினாள். எல்லோரும் திரும்பிப் பார்த்துச் சிரித்தார்கள், நல்ல சிரிப்புத்தான். முன்வரிசையில் ஒருவர் மட்டும் சிரிக்காமல் திரும்பி அம்மாவை மேலும் கீழும் பார்த்தார். இரண்டாவதாக வந்த பெண்ணின் அப்பா அவர், இன்ஜினீயர். எனக்கு மேடையில் காது சூடாகிவிட்டது. கேடயத்தை வாங்கும்போது, அம்மா உட்கார்ந்தால் தேவலை என்றுதான் நினைத்துக்கொண்டிருந்தேன்.

மூன்று நாள் கேடயம் எங்கள் வீட்டில் நிம்மதியாக இருந்தது. பாலிஷ் வாசனை. கன்னத்தில் வைத்தால் ஜில்லென்றிருக்கும். செவ்வாய்க்கிழமை பள்ளிக்கூட நோட்டீஸ் பலகையில் ஒரு தாள் ஒட்டியிருந்தது. இன்ஜினீயர் ஆட்சேபணை கொடுத்திருக்கிறார். நடுவர்கள் மூன்று பேரும் மறுபடி கூடி, நான் வேறு மொழிக்காரர்கள் பிரிவில் வர வேண்டியவள் என்று முடிவு செய்து, அந்தப் பிரிவில் எனக்கு இரண்டாம் இடம் என்று கையெழுத்துப் போட்டிருந்தார்கள்.

“ஒரே வாசிப்பு. கேட்டது அதே மூணு பேரு. சனிக்கிழமை மொதல், செவ்வாக்கிழமை ரெண்டாவதா?” என்று அப்பா கொதித்தார். பிறகு அம்மாவிடம் திரும்பி, “எல்லாம் உன் வாயால வந்தது” என்றார்.

“எம் பொண்ணு ஜெயிச்சா நான் வாயில துணிய வெச்சுக்குவேனா?” என்றாள் அம்மா. 

கோர்ட்டில் வேலை செய்கிறவர்களுக்கு ஒரு வியாதி உண்டு. எந்த வருத்தத்தையும் ஒரு மனுவாக எழுதினால் தீர்ந்துவிடும் என்று நம்புவார்கள். அப்பாவுக்குத் தெரிந்த வக்கீல் ஒருவர், “மார்க்கைப் பத்திப் பேசினா கோர்ட்டு காது குடுக்காது. விதியைப் பத்திப் பேசு. உன் பொண்ணு முதல் பிரிவுக்கு உரியவள்னு சொல்லு” என்று வழி காட்டினார். பிராதை அப்பா தன் கையாலேயே எழுதினார். நான் பக்கத்தில் உட்கார்ந்து பேனாவுக்கு மை ஊற்றிக் கொடுத்தேன். நாலாவது பாரா இப்படி இருந்தது: வாதியின் வீட்டில் வழங்கும் மொழி கன்னடம், வாதியின் தாயும் தகப்பனும் கன்னடமே பேசுகிறவர்கள். கடைசியில், மேலே கண்டவை உண்மை என்று உறுதிமொழி, அதன் கீழே கையெழுத்து. இருபது வருஷம் ஊரான் பெயரை எழுதிய கை, அன்று தன் பெயரை எழுதியபோது எவ்வளவு நிதானமாக எழுதியது என்பது எனக்கு நினைவிருக்கிறது.

நாங்கள் திருப்பிக் கொடுக்காமல் வைத்திருந்த கேடயத்தை, வழக்கு முடியும்வரை கோர்ட்டில் ஒப்படைக்கச் சொல்லி உத்தரவு வந்தது. அதைவிடப் பெரிய அடி பிரதிவாதிகளின் பதிலில் வந்தது. வாதியின் தாய்க்குக் கன்னடமே தெரியாது, அவரைச் சாட்சிக் கூண்டில் ஏற்றி விசாரிக்க வேண்டும் என்று கேட்டிருந்தார்கள். வக்கீல் அப்பாவைத் தனியாகக் கூப்பிட்டுச் சொன்னதை அப்பா வீட்டில் வந்து எங்களிடம் சொன்னார்.

“கேஸ் போனா போகட்டும். சத்தியம் பண்ணி எழுதினது பொய்னு ஆனா, கோர்ட்டுல உத்தியோகம் பாக்கறவன், என் வேலை போயிடும்.” அம்மாவைப் பார்த்து, “நீ தமிழ்ல வாயைத் தெறந்தா நாம தெருவுலதான்” என்றார்.

அதன் பிறகு அவர் செய்ததைக் கோர்ட்டுக்காரர் தவிர வேறு யாரும் யோசிக்க மாட்டார்கள். சாட்சியை ஆஜர்படுத்த முடியாதபோது வக்கீல்கள் என்ன செய்வார்கள் என்று அவருக்குத் தெரியும். ஒரு டாக்டரிடம் சர்டிபிகேட் வாங்கினார். அம்மாவுக்குத் தொண்டையில் கோளாறு, மூன்று மாதம் பேசக் கூடாது. ஸ்ரீராம்புரத்தில் அம்மாவின் தொண்டையைப் பற்றி எல்லோருக்கும் தெரியும் என்பதால் வீட்டையும் மாற்றினார். ரயில் பாதையைத் தாண்டி மல்லேஸ்வரத்தில் ஒரு காம்பவுண்டு. எட்டு வீடு, நடுவில் ஒரு குழாய், எல்லோரும் கன்னடக்காரர்கள். சாமான் வண்டியில் அம்மா கழுத்தைச் சுற்றிக் கம்பளி மப்ளரோடு வந்து இறங்கினாள். அங்கே யாரும் அவள் குரலைக் கேட்டதில்லை.

வீட்டுக்குள் மெதுவாகப் பேசியிருக்கலாமே என்பீர்கள். அந்த வீடுகளுக்கு இடையில் சுவர் ஓடு வரைக்கும் போகாது. ஆளுயரத்துக்குக் கொஞ்சம் மேலே நின்றுவிடும். இந்த வீட்டில் தும்மினால் மூன்றாவது வீட்டிலிருந்து ‘நூறு’ என்பார்கள். அதனால் அப்பாவும் நானும் கன்னடத்தில் பேசினோம். அம்மா பேசவே இல்லை. என்னைக் கூப்பிட வேண்டுமானால் கரண்டியால் பித்தளைப் பானையின் விளிம்பில் ஒரு தட்டு தட்டுவாள். அப்பாவைக் கூப்பிட இரண்டு தட்டு. வாராவாரம் வந்த தமிழ்ப் பத்திரிகை நின்றது. கட்டிக்கட்டி வைத்திருந்த பழைய இதழ்களை அப்பா மூட்டையாகக் கட்டி எடைக்குப் போட்டுவிட்டார். அதில் தொடர்கதைகளை அம்மா நூல் வைத்துத் தைத்து வைத்திருந்தாள்.

எனக்கு அந்த வீடு பிடித்திருந்தது. இதைச் சொல்லிவிட வேண்டும். என் கன்னடம் அங்கே ராஜாங்கம் பண்ணியது. குழாயடியில் பெண்கள் ‘எவ்வளவு அழகாகப் பேசுகிறாள்’ என்று கன்னத்தைக் கிள்ளுவார்கள். அம்மா மறந்துபோய் உதட்டை அசைத்தால், நான்தான் ஆள்காட்டி விரலை என் வாயில் வைத்துக் காட்டுவேன். பத்து வயதுப் பெண்ணுக்கு அம்மாவை அதட்டும் அதிகாரம் கிடைத்தால் சும்மா இருப்பாளா?

ஒரு நாள் சோறு வடிக்கும்போது துணி நழுவி, கொதிக்கிற கஞ்சி அவள் கை முழுக்கக் கொட்டிவிட்டது. நான் வாசற்படியில் உட்கார்ந்து வீட்டுப்பாடம் எழுதிக்கொண்டிருந்தேன். சத்தமே இல்லை. திரும்பிப் பார்த்தபோது முந்தானையைச் சுருட்டி வாயில் அடைத்துக்கொண்டு சுவரோடு சாய்ந்து நின்றாள். கண்ணிலிருந்து தண்ணீர் ஓடிக்கொண்டிருந்தது. ‘ஐயோ’ என்றாவது கத்தியிருக்கலாம். ஐயோவுக்குத் தமிழென்றும் கன்னடமென்றும் கிடையாது. அது அவளுக்குத் தோன்றவில்லை, எனக்கும் அன்று தோன்றவில்லை.

எதிர்வீட்டு அக்காதான் ஓடி வந்து மாவு கரைத்துப் பூசினாள். அந்தக் காம்பவுண்டுப் பெண்கள் நல்லவர்கள். பேச முடியாத ஒருத்தி கிடைத்ததும் அவர்களுக்கு அவளிடம் சொல்ல எவ்வளவோ இருந்தது. மாமியார் கொடுமை, புருஷன் குடித்தது, வயிற்றில் தங்காமல் போன பிள்ளை. மிளகுக் கஷாயம் கொண்டுவந்து வைத்துவிட்டு மணிக்கணக்காகச் சொல்வார்கள். அம்மா கேட்டுக்கொண்டே இருப்பாள், தலையாட்டுவாள், சில சமயம் அவர்கள் கையைப் பிடித்துக்கொள்வாள். எதுவும் புரியாமல் ஆட்டுகிறாள் என்று நான் நினைத்தேன்.

இரண்டாம் மாதம் பெரியம்மா வந்தாள். ஸ்ரீராம்புரத்திலிருந்து யார் வந்தாலும் வாசலோடு அனுப்பிவிடு என்று அப்பா எனக்கு உத்தரவு போட்டிருந்தார். பெரியம்மாவும் அம்மாவுக்குச் சளைத்தவள் இல்லை, காம்பவுண்டுக் கதவுக்கு வெளியே நின்றே ஆரம்பித்துவிட்டாள்.

“இன்னாடி கண்ணு, அம்மா எங்க? ஒடம்பு செரியில்லன்னு இப்பத்தான் சொல்றாங்க. கூடப் பொறந்தவகிட்ட சொல்ல வாணாமா?”

குழாயடியில் நான்கு பேர் திரும்பிப் பார்த்தார்கள். நான் ஓடிப்போய்க் கதவை மறித்து நின்று, “அம்மா மனேலி இல்லா” என்றேன். அம்மா வீட்டில் இல்லை.

“பெரியம்மாகிட்டயே கன்னடமா? தள்ளு.”

“மனேலி இல்லா” என்றேன் மறுபடியும், மேஷ்ட்ரு சொல்லிக்கொடுத்த அதே தெளிவோடு, கடைசி எழுத்து வரை.

பெரியம்மா என்னையே பார்த்தாள். கையிலிருந்த தூக்குப் பாத்திரத்தை என் காலடியில் வைத்தாள். கேழ்வரகு அடை, முருங்கைக்கீரை போட்டது. வந்த வழியே திரும்பிப் போய்விட்டாள். நான் உள்ளே வந்தபோது அம்மா கதவுக்குப் பின்னால் நின்றிருந்தாள். அடிக்கப் போகிறாள் என்று நினைத்துக் கண்ணை மூடிக்கொண்டேன். அவள் பாத்திரத்தை மட்டும் வாங்கிக்கொண்டாள். பெரியம்மா அப்புறம் வரவே இல்லை. அவள் மகள் கல்யாணத்துக்கு எங்களுக்குப் பத்திரிகை வைக்கவில்லை.

கோர்ட்டுக்கு என்னை ஒரு முறை அழைத்துப் போனார்கள். முன்சீப் என்னைப் பார்த்துச் சிரித்ததும், வாசித்துக் காட்டச் சொல்வார் என்று தொண்டையைச் சரி செய்துகொண்டேன். எங்கள் வக்கீலும் அதைத்தான் கேட்டார். முன்சீப் கையை உயர்த்தி, “நல்லா வாசிச்சாளா இல்லையான்னு சொல்ல இந்தக் கோர்ட்டு நடுவர் இல்ல. இவ எந்தப் பிரிவுன்னு மட்டும்தான் நான் பாக்கணும்” என்று சொல்லிவிட்டார். அந்தப் பதினெட்டுச் செய்யுளைப் பற்றி அந்த வழக்கில் யாரும் ஒரு வார்த்தை பேசவில்லை. அம்மாவின் சர்டிபிகேட்டைப் பார்த்துவிட்டு, அவளை வீட்டிலேயே போய் விசாரித்து வர ஒரு இளம் வக்கீலைக் கமிஷனராகப் போட்டார்.

அவர் ஒரு சனிக்கிழமை காலையில் வந்தார். எதிர்த்தரப்பு வக்கீல் கேள்விகளைக் கன்னடத்தில் எழுதிக் கொடுத்து அனுப்பியிருந்தார். எங்கள் வக்கீலுக்கு வேறு கோர்ட்டில் வேலை. ஆகவே கமிஷனர், அப்பா, அம்மா, நான், நாலே பேர்தான். அம்மா புதுப் புடவையும் மப்ளரும் கட்டிக்கொண்டு பாயில் உட்கார்ந்திருந்தாள். அவளுக்கு வியர்த்து ஊற்றியது. கமிஷனர் ஒவ்வொரு கேள்வியாகப் படித்தார். இந்த வீட்டில் பேசுவது கன்னடமா? அம்மா தலையை ஆட்டினாள். மகளுக்குச் சிறு வயதிலிருந்தே கன்னடம் பேசிப் பழக்கியது நீங்களா? ஆட்டினாள். ஆறு கேள்வி முடிந்தது. அம்மா மப்ளரால் நெற்றியைத் துடைத்ததைப் பார்த்தோ என்னவோ, அவர் தாளைக் கீழே வைத்தார். செம்பை எடுத்து அவள் பக்கம் நகர்த்தி, கன்னடக்காரர்கள் பேசும் தமிழில், “தண்ணி குடிங்கம்மா, பயம் வேண்டாம்” என்றார்.

மூன்று மாதமாக யாரும் அவளிடம் தமிழில் ஒரு வார்த்தை பேசியிருக்கவில்லை. அம்மாவின் முகம் அப்படியே கலைந்துபோனது. “எந்தொண்டையில ஒண்ணும் இல்ல தம்பி” என்றாள்.

குரல் கரகரவென்று மெதுவாக வந்தது. அடுத்த வீட்டுக்குக் கேட்டிருக்காது. அப்பா எழுந்தார், மறுபடி உட்கார்ந்தார். கமிஷனர் எங்கள் மூவரையும் பார்த்தார். பேனாவை மூடிச் சட்டைப் பையில் செருகிக்கொண்டு, முடிந்தது என்று கன்னடத்தில் சொல்லிவிட்டுச் செருப்பை மாட்டிக்கொண்டு போனார். ‘வலை விரிச்சுட்டான்’ என்று அப்பா பல வருஷம் அந்த மனிதரைத் திட்டினார். வியர்த்துப்போன ஒரு பெண்ணுக்குத் தண்ணீர் கொடுத்தார், அவ்வளவுதான் என்று எனக்கு இப்போது தோன்றுகிறது.

அவர் போனதும் அப்பா அம்மாவின் காதருகே குனிந்து, கன்னடத்தில், “எழுதிடுவான். என் வேலை போச்சு. உன்னாலதான்” என்றார். நான் பக்கத்தில்தான் நின்றேன்.

கமிஷனரின் அறிக்கை கோர்ட்டில் பிரித்துப் படிக்கப்படுவதற்குள் அப்பா வழக்கை வாபஸ் வாங்கிவிட்டார். கேடயம் இன்ஜினீயர் வீட்டுக்குப் போனது. அன்று மாலை அப்பா வந்து கதவைச் சாத்திவிட்டு, தமிழில் சொன்னார்:

“வாபஸ் வாங்கிட்டேன். இனிமே நீ பேசலாம்.”

அம்மா வெண்டைக்காய் நறுக்கிக்கொண்டிருந்தாள். நிமிரவில்லை. “ஊட்டக்கெ பன்னி” என்றாள். சாப்பிட வாருங்கள். சுத்தமான கன்னடம்.

முதலில் நாங்கள் அதைக் குத்தல் என்று நினைத்தோம். ஒரு வாரம் போனது, ஒரு மாதம் போனது. அம்மா அப்பாவிடம் கன்னடத்தில் பேசினாள், என்னிடமும் அப்படியே. மூன்று மாதம் அந்தப் பெண்கள் அவள் மடியில் கொட்டியதெல்லாம் உள்ளே போய்ச் சேர்ந்திருந்தது. உச்சரிப்பு கொஞ்சம் கோணலாக இருக்கும்; நோய் கண்ட தொண்டை என்று காம்பவுண்டுக்காரர்களே சமாதானம் சொல்லிக்கொண்டார்கள். குரலும் பழைய குரல் இல்லை. மெதுவாகப் பேசக் கற்றுக்கொண்டிருந்தாள்.

அப்பா கெஞ்சிப் பார்த்தார், கத்திப் பார்த்தார். “யாரைப் பழி வாங்கறே?” என்பார். “சும்மனிரி” என்பாள் அம்மா, பேசாமல் இருங்கள் என்று. சொல்லும்போது அவள் கண் ஓட்டுக்கும் சுவருக்கும் நடுவிலிருந்த அந்த இடைவெளிக்குப் போகும். பெரியம்மா செத்துப்போன சேதி வந்தபோது அம்மா குழாயடியிலேயே உட்கார்ந்து அழுதாள். அந்த அழுகையில் வந்த வார்த்தைகளும் கன்னடமாகவே இருந்தன. கதவை மறித்து நின்றதற்கு எனக்குத் தண்டனை இது என்று நான் முடிவு செய்துகொண்டேன். தனக்குத் தண்டனை என்று அப்பா முடிவு செய்துகொண்டார். போகப்போக அவரும் அவளிடம் பேசுவதைக் குறைத்துக்கொண்டு, தட்டில் இருப்பதைச் சாப்பிட்டுவிட்டு எழுந்து போகிறவரானார். ஒரே வீட்டில் இரண்டு பேர், பதினைந்து வருஷம்.

அப்பா ரிட்டயரான அன்று நான் மைசூரிலிருந்து கைக்குழந்தையோடு வந்திருந்தேன். ஆபீஸ்காரர்கள் மாலையோடு அவரை வீட்டில் கொண்டுவந்து விட்டு, காபி குடித்துவிட்டு ஐந்து மணிக்குக் கிளம்பினார்கள். அப்பா கோட்டைக்கூடக் கழற்றாமல் நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். அம்மா மாலையை ஆணியில் மாட்டினாள். காபித் தம்ளர்களை எடுக்கவில்லை. அவருக்கு எதிரில் தரையில் வந்து உட்கார்ந்தாள்.

“ஏங்க,” என்றாள், தமிழில். “இனிமே உங்கள வேலையிலேருந்து எடுக்க முடியாதில்ல?”

எனக்குக் குழந்தை கையிலிருந்து நழுவப் பார்த்தது. அப்பா நிமிர்ந்து அவளைப் பார்த்தார்.

“ரிட்டயரானவன எப்படி எடுப்பாங்க?”

“அந்தத் தம்பி வந்து சொன்னாக்கூட?”

“எந்தத் தம்பி?”

“கமிஷனரு. தண்ணி குடிங்கன்னானே.” அவளுக்குத் தமிழ் இடறியது. ஒவ்வொரு சொல்லாக எடுத்து வைத்தாள். “நான் தமிழ்ல சொன்னது அவனுக்குத் தெரியுமே. அவன் என்னிக்கு வந்து சொன்னாலும், இந்த எட்டு வீட்டு ஜனமும் ‘இல்ல, அந்தம்மா கன்னடந்தான் பேசுவாங்க’ன்னு சாட்சி சொல்லணுமில்ல. நீங்க சத்தியம் பண்ணி எழுதினது நெசமா இருக்கணுமில்ல.”

அப்பா இரண்டு கையாலும் முகத்தை மூடிக்கொண்டார். உள்ளேயிருந்து அவர் குரல் வந்தது. “அவன் ஒண்ணுமே எழுதலடி. ‘சாட்சி பேசும் நிலையில் இல்லை, எல்லாக் கேள்விக்கும் ஆம் என்று தலையசைத்தார்.’ அவ்வளவுதான் எழுதியிருந்தான். எதிர்த்தரப்புல நகல் கேட்டாங்க. எம் மேஜைக்குத்தான் வந்துது. நான்தான் என் கையால எழுதிக் குடுத்தேன்.”

“எப்ப?”

“வாபஸ் வாங்கி ஒரு மாசம் இருக்கும்.”

அம்மா விரல் விட்டு எதையோ எண்ணுவதுபோல இருந்தாள், பாதியில் விட்டுவிட்டாள். ஜெயிக்க வேண்டிய வழக்கைப் பயந்துபோய்க் கைவிட்டேன் என்று பெண்டாட்டியிடம் ஒத்துக்கொள்ள வெட்கமாக இருந்தது, அதனால்தான் அந்தக் கமிஷனரையே திட்டிக்கொண்டிருந்தேன் என்று அப்பா பிறகு என்னிடம் சொன்னார். அவளிடம் அதைச் சொல்ல அன்றும் அவருக்கு வாய் வரவில்லை. அவர் சொன்னது வேறு.

“அன்னிக்கே சொன்னேனே,” என்றார். “இனிமே நீ பேசலாம்னு.”

“பேசலாம்னு சொன்னீங்க,” என்றாள் அம்மா. “பயப்பட வேணாம்னு சொல்லலையே.”